காணி வழக்கில் ஒரு ‘தற்காலிக’ உத்தரவு: அதை எதிர்த்து மேலே போனால் என்ன நடக்கும்?

வெள்ளவத்தையில் கடற்கரைப் பக்கமாக இறங்கும் ஒழுங்கைகளில் நடந்தால், இரண்டு தொடர்மாடிக் கட்டடங்களுக்கு நடுவே தகரம் அடித்து மறைத்த ஒரு துண்டுக் காணி எங்கேயாவது கண்ணில் படும். தகரத்துக்கு மேலே நாலைந்து கொங்கிரீட் தூண்கள் தெரியும். அவற்றின் தலையில் நீட்டிக்கொண்டிருக்கும் கம்பிகள் உப்புக் காற்றில் துருவேறி, தூணின் பக்கமெல்லாம் சிவப்பாக வடிந்திருக்கும். முன்வீட்டில் விசாரித்தால் “அதுக்கு கேஸ் போகுது” என்பார்கள். கொஞ்சம் தோண்டிக் கேட்டால், பல இடங்களில் அந்த வழக்கு இன்னும் விளக்கத்துக்கே எடுக்கப்படவில்லை என்பது தெரியவரும். சாட்சிக்கூண்டில் ஒருவரும் ஏறியிருக்கமாட்டார். உறுதியை ஒரு நீதிபதியும் கையில் எடுத்து ஆராய்ந்திருக்கமாட்டார். இவ்வளவு காலமும் நடந்தது, வழக்கு முடியும்வரை காணியில் கைவைக்கக் கூடாது என்ற இடைக்கால உத்தரவைப் பற்றிய சண்டையும், அதன் மேன்முறையீடும், அதற்கு மேலான மேன்முறையீடும்தான்.

காணி யாருக்குச் சொந்தம் என்பதை இடைக்கால உத்தரவு தீர்மானிப்பதில்லை. சட்டம் அப்படித்தான் சொல்கிறது. ஆனால் கொழும்பில் ஒரு பேர்ச் காணி விற்கும் விலைக்கு, அந்த உத்தரவு கிடைத்ததா இல்லையா என்பதிலேயே பல வழக்குகளின் தலைவிதி எழுதப்பட்டுவிடுகிறது. தடை கிடைத்தால் கட்டடக் கொம்பனி விலகிப் போகும். கிடைக்காவிட்டால் எட்டு மாடி எழும்பிவிடும். அதற்குப் பிறகு வரும் தீர்ப்பு யாருக்கு உதவும்? அதனால்தான் ‘தற்காலிகம்’ என்று பெயர் வைத்த ஓர் உத்தரவுக்காக இரு தரப்பும் நாட்டின் உச்சியில் இருக்கும் உயர் நீதிமன்றம் வரைக்கும் ஏறி இறங்குகின்றன. நம்மவர்களில் பலர் இதை அரைகுறையாக விளங்கிக்கொண்டு, “அப்பீலில் வென்றுவிட்டோம், காணி எங்களுடையது” என்று சொந்தக்காரருக்கு வட்ஸ்அப் அனுப்புவதைப் பார்த்திருக்கிறேன். அந்தக் குழப்பத்தைத் தீர்க்கத்தான் இவ்வளவும் எழுதுகிறேன்.

ஒரு கற்பனைக் குடும்பத்தை வைத்துக்கொள்வோம். அப்பா 14 பேர்ச் காணியும் ஒரு பழைய ஓட்டு வீடும் விட்டுவிட்டுப் போய்விட்டார். பிள்ளைகள் மூன்று பேர். அண்ணா கனடாவில். அக்கா தெஹிவளையில். தம்பி அந்த வீட்டிலேயே இருக்கிறார். அப்பா தனக்கு முழுக் காணியையும் நன்கொடை உறுதியாக எழுதித் தந்தார் என்று தம்பி ஓர் உறுதியைக் காட்டி, ஒரு கட்டடக்காரருடன் உடன்படிக்கை செய்துவிட்டார். அப்பா அந்த நேரம் பேச்சு மூச்சில்லாமல் படுக்கையில் கிடந்தார், அந்தக் கையெழுத்து அவருடையதே அல்ல என்கிறார் அக்கா. ஒரு திங்கட்கிழமை காலையில் வீட்டு ஓடுகளைக் கழற்றத் தொடங்குகிறார்கள். அக்கா என்ன செய்யலாம்?

அவர் போகவேண்டிய இடம் புதுக்கடையில் இருக்கும் கொழும்பு மாவட்ட நீதிமன்றம். ஆங்கிலத்தில் அந்த இடத்துக்கு இன்னும், 1656இல் கொழும்பு முற்றுகையில் செத்துப்போன ஒல்லாந்துத் தளபதி ஹுல்ஃப்ட்டின் பெயர்தான். அங்கே அவர் இரண்டு விடயங்களைச் சேர்த்துக் கேட்கவேண்டும். ஒன்று, அந்த நன்கொடை உறுதி செல்லாது, காணி மூன்று பேருக்கும் பொது என்ற தீர்ப்பு. மற்றது, வழக்கு முடியும்வரை வீட்டை இடிக்கவோ புதிதாகக் கட்டவோ காணியைக் கைமாற்றவோ கூடாது என்ற தடை. அந்தத் தடைக்கான அதிகாரம் 1978ஆம் ஆண்டின் 2ஆம் இலக்க நீதித்துறைச் சட்டத்தின் 54ஆம் பிரிவில் இருக்கிறது. எப்படிக் கேட்பது என்ற நடைமுறை, 1889இலிருந்து திருத்தித் திருத்தி இன்றும் நடைமுறையிலிருக்கும் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 662ஆம் பிரிவிலிருந்து தொடங்குகிறது. இங்கே ஒரு பொறி உண்டு. வழக்குரையில் நிரந்தரத் தடையையும் சேர்த்துக் கேட்காமல் இடைக்காலத் தடையை மட்டும் கேட்டுவிட்டுப் பின்னர் திண்டாடிய வழக்குகள் இருக்கின்றன. கடைசியில் கிடைக்கக்கூடிய நிவாரணத்தைக் காப்பாற்றத்தான் இடையில் ஒரு தடை. கடைசி நிவாரணமே கேட்கப்படாவிட்டால் எதைக் காப்பாற்றுவது?

சாதாரணமாக, தடை கொடுப்பதற்கு முன் மறுதரப்புக்கு அறிவித்தல் போகவேண்டும். ஆனால் அறிவித்தல் போய்ச் சேர்வதற்குள் வீடு தரைமட்டமாகிவிடும் என்றால், 664ஆம் பிரிவு நீதிபதிக்கு இன்னொரு வழியைத் திறந்துவிடுகிறது. மறுதரப்பைக் கேட்காமலே உடனடித் தடையொன்றைக் கொடுக்கலாம். சட்டத்தரணிகள் இதை ‘என்ஜோயினிங் ஓடர்’ என்பார்கள். முதல் தடவையில் அதன் ஆயுள் 14 நாளைத் தாண்டக்கூடாது. நல்ல காரணம் இருந்தால், காரணத்தை எழுதிவைத்துவிட்டு, ஒவ்வொரு தடவையும் 14 நாளுக்கு மேற்படாமல் நீடிக்கலாம். இடைக்காலத் தடையுத்தரவு விண்ணப்பத்தைக் கேட்டு முடிவு சொன்ன அன்றோடு இந்த உடனடித் தடை தானாகவே இல்லாமல் போகும்.

இந்த இரண்டையும் ஒன்றென்று நினைப்பவர்கள் ஏராளம். உடனடித் தடை ஒரு பக்கக் கதையை மட்டும் கேட்டுக் கொடுத்தது. அதனால் அதைக் கேட்டு வருகிறவரிடம் நீதிமன்றம் எதிர்பார்க்கும் நேர்மையின் அளவு மிக அதிகம். தனக்கு எதிரான உண்மைகளையும் அவரே சொல்லவேண்டும். நம் கற்பனை அக்கா, ஐந்து வருடத்துக்கு முன் தம்பியிடமிருந்து தன் பங்குக்கு என்று ஒரு தொகை வாங்கிக் கையெழுத்துப் போட்டிருந்தால், அதை மறைத்துத் தடை எடுப்பது பெரிய ஆபத்து. அது பின்னால் வெளியே வந்தால், அவருடைய மற்ற வாதங்கள் எவ்வளவு பலமாக இருந்தாலும், மறைத்த ஒரு காரணத்துக்காகவே தடையைக் கலைக்கலாம். மேன்முறையீட்டிலும் அந்தக் கறை கூடவே வரும். இடைக்கால நிவாரணம் என்பது நீதிமன்றத்தின் தற்றுணிபில், அதாவது நீதிபதியின் சொந்த மதிப்பீட்டில், தங்கியிருப்பது; கேட்பவரின் கை சுத்தமாக இருக்கவேண்டும் என்பது அந்தத் தற்றுணிபின் பகுதி.

மறுதரப்பு ஆட்சேபனை போட்ட பிறகு, இடைக்காலத் தடையுத்தரவு கொடுப்பதா இல்லையா என்று நீதிபதி யோசிக்கும்போது மூன்று கேள்விகள் முன்னால் வரும். இவற்றை ஒழுங்காக அடுக்கிச் சொன்ன தீர்ப்பு என்று இன்றும் எல்லோரும் எடுத்துக்காட்டுவது, முன்னாள் அமைச்சர் பீலிக்ஸ் டயஸ் பண்டாரநாயக்க அரச திரைப்படக் கூட்டுத்தாபனத்துக்கு எதிராகப் போட்ட வழக்கில் 1981இல் வந்த தீர்ப்பை. வழக்கு சினிமாவைச் சுற்றியது. அதன் அளவுகோல் காணிக்கும் கடைக்கும் கம்பனிக்கும் ஒன்றாகத்தான் பொருந்துகிறது.

முதல் கேள்வி, விசாரிக்கத்தக்க ஒரு பாரதூரமான பிரச்சினை, முகத்தோற்றத்தில் ஒரு வழக்கு இருக்கிறதா என்பது. அக்கா வெல்லுவார் என்று நிரூபிக்கத் தேவையில்லை. வெல்லக்கூடும் என்று தோன்றவேண்டும். அப்பாவின் ஆஸ்பத்திரிப் பதிவுகள், பழைய கையெழுத்துகள், உறுதியில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட இருவர் யார் என்ற விபரம், இவையெல்லாம் இங்கேதான் வேலை செய்யும். 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க மோசடிகள் தடுப்புக் கட்டளைச்சட்டப்படி காணி உறுதி நொத்தாரிசு முன், இரண்டு சாட்சிகள் முன் எழுதப்படவேண்டும் என்பதால், அந்த இரண்டு பெயர்களும் சும்மா பெயர்கள் அல்ல.

இரண்டாவது கேள்விதான் காணி வழக்கின் உயிர். தடை கொடுத்தால் தம்பிக்கு வரும் பாதிப்புப் பெரிதா, கொடுக்காவிட்டால் அக்காவுக்கு வரும் பாதிப்புப் பெரிதா? வசதியின் சமநிலை என்று இதைச் சொல்வார்கள். கட்டடக்காரர் வங்கிக் கடனுக்கு வட்டி கட்டுகிறார், சீமெந்து விலை ஏறுகிறது, முற்பணம் கொடுத்தவர்கள் வாசலில் நிற்கிறார்கள். இது உண்மையான பாதிப்புத்தான். ஆனால் அதைக் காசில் எண்ணலாம். பிறந்து வளர்ந்த வீடு இடிந்து, அந்த 14 பேர்ச்சில் எட்டு மாடி வந்து, ஒவ்வொரு மாடியும் ஒவ்வொருவருக்கு எழுதப்பட்டுவிட்டால் அக்காவின் பங்கை எங்கேயிருந்து பிரித்துக் கொடுப்பது? இன்னொரு விடயம், பொதுப் பங்காளிகளில் ஒருவர் மற்றவர்களின் சம்மதமில்லாமல் பொதுக் காணியின் தன்மையை மாற்றிப் புதிய கட்டடம் எழுப்ப முடியாது என்பது நம் நாட்டில் நெடுநாளாக ஏற்றுக்கொள்ளப்பட்ட றோமன் டச்சுச் சட்டக் கொள்கை. அக்கா பங்காளி என்று முகத்தோற்றத்தில் தெரிந்தால் தராசு அவர் பக்கம் சாயத்தான் செய்யும்.

மூன்றாவது, நடத்தை. தகரம் அடித்தபோது பேசாமலிருந்து, அத்திவாரம் போட்டபோது பேசாமலிருந்து, மூன்றாம் மாடித் தட்டுப் போட்ட பிறகு ஓடி வந்தால் நீதிமன்றம் முகம் சுளிக்கும். காணி வழக்கில் தாமதம் போல ஒரு எதிரி கிடையாது. வெளிநாட்டில் இருக்கிற நம்மவர்கள் அடிக்கடி விழும் குழியும் இதுதான். ‘அடுத்த ஓகஸ்ட் வரும்போது பார்ப்போம்’ என்று விட்டால், அடுத்த ஓகஸ்ட்டில் பார்க்க அங்கே ஒரு கட்டடம் நிற்கும்.

சரி, மாவட்ட நீதிபதி முடிவு சொல்லிவிட்டார் என்று வைப்போம். தடை கொடுத்தால் தம்பிக்குக் கோபம், மறுத்தால் அக்காவுக்கு. இப்போது மேலே போவது எப்படி?

நடவடிக்கைமுறைக் கோவையின் 754ஆம் பிரிவு இரண்டு சொற்களைப் பிரித்துவைத்திருக்கிறது. தீர்ப்பு ஒன்று, கட்டளை இன்னொன்று. தீர்ப்பென்றால் நேராக மேன்முறையீடு செய்யலாம், அது உரிமை. கட்டளையென்றால் முதலில் மேல் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். எது தீர்ப்பு, எது கட்டளை என்பதில் பல வருடமாக முரண்பட்ட முடிவுகள் வந்து, 2010இல் உயர் நீதிமன்றம் ஒரு வழக்கில் அதை நீளமாக அலசியது. பின்னாளில் பிரதம நீதியரசரான ஷிராணி பண்டாரநாயக்க எழுதிய அந்தத் தீர்ப்பின் சாரம் இதுதான்: அந்த விண்ணப்பத்தின் மீது எந்த முடிவு வந்திருந்தாலும் வழக்கு அதோடு முடிந்திருக்குமா என்று கேட்டுப்பார். முடிந்திருக்கும் என்றால் அது தீர்ப்பின் தன்மையுள்ளது. ஒரு பக்கம் முடிவு வந்தால் முடியும், மறுபக்கம் வந்தால் தொடரும் என்றால் அது கட்டளை. இடைக்காலத் தடையைக் கொடுத்தாலும் வழக்குத் தொடரும், மறுத்தாலும் தொடரும். ஆகவே அது கட்டளை. அனுமதி கேட்டே ஆகவேண்டும்.

அந்த அனுமதிக்கு 14 நாள்தான். 757ஆம் பிரிவு அதை எப்படி எண்ணச் சொல்கிறது என்பதைக் கொஞ்சம் கிட்ட வைத்துப் பார்க்கலாம், ஏனென்றால் இங்கே தவறி வழக்கைத் தொலைத்தவர்கள் இருக்கிறார்கள். கட்டளை வந்த நாள் கணக்கில் இல்லை. விண்ணப்பம் போடும் நாளும் இல்லை. ஞாயிற்றுக்கிழமைகள் இல்லை, பொது விடுமுறைகள் இல்லை. ஆனால் சனிக்கிழமை கணக்கில் உண்டு. கட்டளை ஒரு செவ்வாய்க்கிழமை வந்தால், புதனிலிருந்து சனி வரை நாலு நாள். அடுத்த கிழமை திங்கள் முதல் சனி வரை ஆறு. அதற்கடுத்த கிழமை திங்கள், செவ்வாய், புதன், வியாழன். அந்த வியாழனோடு பதினாலு. நடுவில் ஒரு பௌர்ணமி விடுமுறை வந்தால் வெள்ளி. இந்தப் பதினாலு நாளுக்குள் கட்டளையின் அத்தாட்சிப்படுத்திய பிரதி, வழக்குரை, ஆட்சேபனை, ஆவணங்கள், சத்தியக்கடதாசி எல்லாம் சேரவேண்டும். பதிவறைக் கவுண்டரில் பிரதிக்குப் பணம் கட்டிய துண்டைக் கையில் பிடித்துக்கொண்டு, எழுதுநர் மேசைக்கும் போட்டோப் பிரதிக் கடைக்கும் ஓடும் கனிஷ்ட சட்டத்தரணிகளைப் புதுக்கடையில் எந்த நாளிலும் காணலாம். கட்டளை வந்த அன்று பின்னேரமே பிரதிக்கு விண்ணப்பிக்கச் சொல்லுங்கள். ‘நாளைக்குப் பார்ப்போம்’ என்ற ஒரு நாளில் நான்கு நாள் போய்விடும்.

2006க்கு முன் இந்த விண்ணப்பங்கள் எல்லாம் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் குவிந்தன. அந்த ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டம் மாகாண மேல் நீதிமன்றங்களுக்குக் குடியியல் மேன்முறையீட்டு அதிகாரத்தைக் கொடுத்தது. இப்போது கொழும்பு மாவட்ட நீதிமன்றக் கட்டளைக்கு எதிரான அனுமதி விண்ணப்பம் போகும் இடம், மேல் மாகாணத்தின் குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம். அதன் முடிவும் பிடிக்காவிட்டால் அடுத்த படி நேரே உயர் நீதிமன்றம். அங்கேயும் அனுமதி வேண்டும். கணிசமான சட்டப் பிரச்சினை இருக்கிறது, அல்லது உயர் நீதிமன்றம் பார்க்கத் தகுந்த விடயம் என்று அந்த நீதிமன்றத்துக்குப் படவேண்டும்.

மேல் நீதிமன்றம் என்ன பார்க்கும்? புதிதாகத் தராசைப் பிடித்து நிறுக்காது. மாவட்ட நீதிபதி தன் தற்றுணிபைச் சரியான கொள்கைப்படி பயன்படுத்தினாரா, முக்கியமான விடயத்தைக் கவனிக்காமல் விட்டாரா, சம்பந்தமில்லாத ஒன்றை வைத்து முடிவெடுத்தாரா, இவ்வளவுதான். ‘நான் அந்த இடத்தில் இருந்திருந்தால் வேறு மாதிரி முடிவெடுத்திருப்பேன்’ என்பது மட்டும் தலையிடக் காரணமாகாது. இதை விளங்கிக்கொள்ளாமல், கீழே சொன்ன எல்லாவற்றையும் மேலே திரும்பச் சொல்லிப் பக்கம் பக்கமாக எழுதிக் கொடுப்பவர்கள் காசை வீணாக்குகிறார்கள். கட்டளையின் எந்தப் பந்தியில் நீதிபதி எந்தக் கேள்வியைத் தவறவிட்டார் என்று விரலை வைத்துக் காட்டுகிற இரண்டு பக்கம் அதைவிடப் பெறுமதியானது.

மேலே போகாமலே இருக்கும் ஒரு வழியைப் பலர் மறந்துவிடுகிறார்கள். 666ஆம் பிரிவின்படி, தடையால் பாதிக்கப்பட்டவர் அதே நீதிமன்றத்திலேயே அந்தத் தடையை நீக்கவோ மாற்றவோ கேட்கலாம். தம்பிக்கு மழையில் ஒழுகும் கூரையைத் திருத்தவேண்டியிருந்தால், அதற்காக மேன்முறையீடு தேவையில்லை. ‘திருத்தவேலை மட்டும் அனுமதி’ என்று கேட்டால் போதும். போதிய காரணமில்லாமல் தடை எடுத்து மற்றவரை நட்டப்படுத்தினால் நட்டஈடு கேட்க 667ஆம் பிரிவு இருக்கிறது. அது போதிய அளவு பயன்படுத்தப்படுவதில்லை என்பது என் அபிப்பிராயம்.

உண்மையான சிக்கல் விண்ணப்பம் போட்ட பிறகுதான். அனுமதி விண்ணப்பம் கொடுத்ததனால் மட்டும் கீழ் நீதிமன்றக் கட்டளை நின்றுவிடாது. அதை நிறுத்த வேறாக ஓர் உத்தரவு கேட்கவேண்டும். அதைத்தான் ‘ஸ்டே’ என்கிறார்கள். இப்படியான இடைநிறுத்தல் உத்தரவுகளின் தன்மையைப் பற்றி, பிரதம நீதியரசர் நெவில் சமரக்கோன் காலத்தில், ஒரு காணிச் சுவீகரிப்பு வழக்கில் உயர் நீதிமன்றம் சொன்னது இன்றும் எடுத்தாளப்படுகிறது: இறுதிக் கட்டளையை நிறுக்கும் அதே கண்டிப்போடு இடைக்கால உத்தரவை நிறுக்கக்கூடாது, அந்த நேரத்தின் அவசியம் பற்றிய நீதிபதியின் கணிப்புக்கு அதில் பெரிய இடம் உண்டு என்ற கருத்து. அது நியாயம். ஆனால் அதன் மறுபக்கமும் இருக்கிறது. தடைக்கு ஒரு தடை, அந்தத் தடை நீடிப்பு, எதிராளியின் ஆட்சேபனைக்கு ஒரு தவணை, பதிலுக்கு ஒரு தவணை, எழுத்துமூலச் சமர்ப்பணத்துக்கு ஒரு தவணை. இதற்கிடையில் மாவட்ட நீதிமன்றத்தின் மூல வழக்கேடு மேலே அழைக்கப்பட்டால், கீழே வழக்கு அடியோடு நின்றுவிடும். ‘கேற்றிலே தகரம், தூணிலே துரு’ என்ற காட்சி இப்படித்தான் உருவாகிறது.

இதில் நான் உறுதியாக நினைப்பது ஒன்றுதான். இடைக்காலக் கட்டளை பற்றிய மேன்முறையீட்டுக்கு மூல வழக்கேடு தேவையில்லை. அத்தாட்சிப்படுத்திய பிரதிகளை வைத்தே முடிவெடுக்கலாம். 1990ஆம் ஆண்டின் மேன்முறையீட்டு நடைமுறை விதிகளே அத்தகைய பிரதிகளை விண்ணப்பத்தோடு இணைக்கச் சொல்கின்றன. வழக்கேடு கீழேயே இருந்தால், மேலே தடை பற்றி வாதாடிக்கொண்டிருக்கும்போதே கீழே உறுதியின் சாட்சிகளைக் கூண்டில் ஏற்றலாம். நொத்தாரிசுக்கும் சாட்சிக்கும் வயது போய்க்கொண்டிருக்கிறது. சாட்சி ஒருவர் கண்ணை மூடினால் அவரோடு வழக்கின் ஒரு துண்டும் போய்விடும். நீதியரசர்கள் பல தடவை இடைக்காலச் சண்டையில் நேரம் போக்காமல் வழக்கை விரைந்து முடிக்கும்படி மாவட்ட நீதிபதியைப் பணித்து அனுப்புவதும் இதனால்தான்.

அக்காவோ தம்பியோ அப்பீலில் வென்றால் என்ன கிடைக்கும் என்று பார்த்தால், கிடைப்பது தடை தொடரும் அல்லது தடை நீங்கும் என்பது மட்டும்தான். ‘முகத்தோற்றத்தில் வழக்காளிக்கு உரிமை இருப்பதாகத் தெரிகிறது’ என்று மேல் நீதிமன்றம் எழுதியிருந்தாலும், கடைசியில் சாட்சியத்தைக் கேட்டுத் தீர்ப்பு எழுதும் நீதிபதியை அந்த வரி கட்டாது. நல்ல சட்டத்தரணி தன் கட்சிக்காரரிடம் அன்றே சொல்லிவிடுவார்: “அம்மா, நீங்கள் காணியை வெல்லவில்லை. காணி அப்படியே இருக்கும் என்பதைத்தான் வென்றிருக்கிறீர்கள்.”

இதுவரை சொன்னது மாவட்ட நீதிமன்ற வழி. காணிச் சண்டை கைகலப்பாகும் நிலை வந்தால் வேறொரு கதவு திறக்கும். 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவு. ‘அறுபத்தாறு போடுறது’ என்று பொலிஸ் நிலையத்தில் சொல்வது இதைத்தான். அமைதிக் குலைவு வரும் என்று பொலிஸார் அறிக்கை கொடுக்கலாம். தரப்பினரே நேரடியாகவும் போகலாம். இங்கே உறுதி யாருடையது என்று பார்ப்பதில்லை. அறிக்கை கொடுத்த நாளில் காணியில் யார் இருந்தார், அதற்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் யாராவது பலவந்தமாக வெளியேற்றப்பட்டாரா என்பதுதான் கேள்வி. 1982இல் எஸ். சர்வானந்தா எழுதிய தீர்ப்பு இதை மிகத் தெளிவாக விளக்கியது. பின்னர் அவரும் பிரதம நீதியரசரானார். இந்தக் கட்டளை தற்காலிகமானது, உரித்தைத் தீர்மானிக்கும் நீதிமன்றம் முடிவு சொல்லும்வரைதான் என்பது அதன் அடிப்படை.

அந்தக் கட்டளைக்கு எதிராக மேன்முறையீடே கிடையாது. 74ஆம் பிரிவு அதை அடித்துச் சொல்லிவிட்டது. அதனால் தோற்றவர்கள் மீளாய்வு என்ற வழியாக மாகாண மேல் நீதிமன்றத்துக்குப் போகிறார்கள். அரசியலமைப்பின் 13ஆவது திருத்தத்தோடு அந்த நீதிமன்றத்துக்கு வந்த அதிகாரம் அது. மீளாய்வு உரிமையாகக் கிடைப்பதல்ல; விசேட காரணம் காட்டவேண்டும், தாமதிக்கக்கூடாது. அதன் முடிவுக்கு எதிராக மேன்முறையீட்டு நீதிமன்றம் போகலாம். முன்பெல்லாம் அப்படி ஒரு மேன்முறையீட்டைப் பதிந்தாலே போதும், ஆரம்ப நீதிமன்றக் கட்டளை நிறைவேற்றப்படாமல் நின்றுவிடும் என்ற நினைப்பில் பலர் காலத்தைக் கடத்தினார்கள். 2011 சட்ட அறிக்கையில் வெளிவந்த மேன்முறையீட்டு நீதிமன்றத் தீர்ப்பொன்று அந்தக் கதவைச் சாத்தியது. மேன்முறையீடு பதிந்ததாலேயே கட்டளை நிற்காது; நிற்கவேண்டுமென்றால் உத்தரவு கேட்டுப் பெறவேண்டும். மூன்று மாதத்தில் முடியவேண்டிய ஒரு விசாரணையின் பலன் பத்து வருடம் தொங்குவதை இது ஓரளவு குறைத்தது.

அரச காணி என்றால் கதை இன்னும் இறுக்கமானது. 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க அரச காணிகள் (உடைமை மீளப்பெறுதல்) சட்டப்படி, வெளியேறச் சொல்லி அறிவித்தல் வந்து நீதவான் நீதிமன்றத்தில் நிற்கும்போது, செல்லுபடியான அனுமதிப்பத்திரம் அல்லது எழுத்துமூல அதிகாரம் இருக்கிறது என்று காட்டுவதைத் தவிர வேறு வாதம் செல்லாது. மேன்முறையீடும் இல்லை. தோட்டங்களிலும் கால்வாய்க் கரைகளிலும் தலைமுறையாக இருந்த கொழும்புக் குடும்பங்களுக்கு மிஞ்சியது மீளாய்வும், மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை (ரிட்) மனுவும்தான். அந்த மனுவில் கிடைக்கும் இடைக்கால உத்தரவுதான் அவர்களுக்கு ஒரே கூரை.

இடைக்கால உத்தரவின் பெறுமதி வடக்கில் இருப்பவர்களுக்கு 2025இல் நன்றாகத் தெரிந்தது. அந்த வருடம் மார்ச் 28ஆம் திகதி காணி நிர்ணயக் கட்டளைச்சட்டத்தின் கீழ் ஒரு வர்த்தமானி வெளிவந்தது. வடமாகாணத்தில் ஐயாயிரத்துத் தொளாயிரத்துக்கும் மேற்பட்ட ஏக்கர். மூன்று மாதத்துக்குள் உரிமை கோராவிட்டால் அரச காணியாகக் கொள்ளப்படும் என்ற பயம் ஊரெல்லாம் பரவியது. உறுதி போரில் எரிந்தவர்கள், இடம்பெயர்ந்தவர்கள், வெளிநாட்டில் இருப்பவர்கள் மூன்று மாதத்தில் எதைக் கொண்டுபோய்க் காட்டுவது? அந்த அவகாசம் முடியும் தறுவாயில், ஜூன் மாத இறுதியில், புதுக்கடையில் இருக்கும் உயர் நீதிமன்றம் அதை இடைநிறுத்தி உத்தரவிட்டது. அந்த உத்தரவும் யாருடைய காணி எது என்று சொல்லவில்லை. மணிக்கூட்டை நிறுத்தியது. சில நேரம் அதுதான் எல்லாம்.

கொழும்புத் தமிழர்களுக்கு மட்டும் உரிய ஒரு விடயத்தையும் சொல்லவேண்டும். இங்கே மாவட்ட நீதிமன்றப் பதிவுகள் சிங்களத்தில் நடக்கும். அரசியலமைப்பின் 24ஆவது உறுப்புரை உரைபெயர்ப்புக்கும் மொழிபெயர்ப்புக்கும் உரிமை தருகிறது, கேட்டால்தான் கிடைக்கும். இதைவிட முக்கியமானது சத்தியக்கடதாசி. இடைக்கால உத்தரவு விசாரணையில் பொதுவாக வாய்ச்சாட்சி கிடையாது, கடதாசிதான் சாட்சி. தமிழ் மட்டும் தெரிந்த அம்மா ஆங்கிலக் கடதாசியில் கையெழுத்து வைத்தால், அது அவருக்கு வாசித்து விளக்கப்பட்டது, அவர் விளங்கிக்கொண்டார் என்ற குறிப்பு சமாதான நீதவானின் கையெழுத்துக்கு மேலே இருக்கவேண்டும். இல்லாவிட்டால் எதிர்த்தரப்பு அதை வைத்தே முதல் ஆட்சேபனையைக் கிளப்பும். அதேபோல, கனடாவில் இருக்கும் அண்ணாவின் அற்றோணித் தத்துவத்தை வைத்துக்கொண்டு அக்கா கடதாசி கொடுக்கும்போது, அண்ணாவுக்கு மட்டும் தெரிந்த விடயங்களைத் தனக்குத் தெரிந்ததுபோல எழுதக்கூடாது. 181ஆம் பிரிவு சொந்த அறிவில் உள்ளதைத்தான் எழுதச் சொல்கிறது; இடைக்கால விண்ணப்பங்களில் மட்டும், நம்புவதற்கான காரணத்தைக் காட்டி நம்பிக்கையை எழுதலாம். ‘அண்ணா தொலைபேசியில் இப்படிச் சொன்னார், இந்தக் காரணத்தால் அதை நம்புகிறேன்’ என்று எழுதுவது மேன்முறையீட்டில் நிற்கும். ‘எனக்குத் தெரியும்’ என்பது நிற்காது.

கட்டிக்கொண்டிருக்கும் மாடியொன்றில் வீடு வாங்க முற்பணம் கொடுக்கப் போகிறவர்கள் காணிப் பதிவகத்தில் அந்தக் காணியின் ஏட்டைத் தேடிப் பார்க்கும்போது, உறுதிகளோடு நின்றுவிடாமல் ‘லிஸ் பெண்டன்ஸ்’ பதிவு இருக்கிறதா என்றும் பாருங்கள். வழக்கு நிலுவையில் இருக்கிறது என்ற அறிவித்தல் அது. தடை மறுக்கப்பட்டுக் கட்டடம் எழும்பிக்கொண்டிருக்கலாம். ஆனால் அந்தப் பதிவு இருந்தால், வழக்கின் முடிவு உங்களையும் கட்டும். அக்காவின் பக்கமிருந்து பார்த்தாலும், தடை கிடைத்ததோ இல்லையோ, வழக்குப் போட்ட கையோடு அந்தப் பதிவைச் செய்துவிடவேண்டும்.

நம் கற்பனைக் குடும்பத்துக்கு ஒரு நடைமுறையான வழி இன்னும் திறந்திருக்கிறது. அனுமதி விண்ணப்பம் அழைக்கப்படும் அன்று, இரு தரப்புச் சட்டத்தரணிகளும் மேல் நீதிமன்றத்தில் எழுந்து, வீட்டை இடிக்கமாட்டோம் என்று தம்பி வாக்குறுதி தருகிறார், காணியில் அவர் குடியிருப்பதை அக்கா தடுக்கமாட்டார், வழக்கேடு கீழேயே இருக்கட்டும், விளக்கத்துக்கு மூன்று தவணைகளைக் கிட்டக் கிட்டக் குறித்துத் தரும்படி மாவட்ட நீதிபதியைப் பணியுங்கள் என்று கேட்கலாம். அப்படிக் கேட்கும்போது முதல் தவணைக்கே நொத்தாரிசையும், உறுதியில் கையெழுத்துப் போட்ட அந்த இரண்டு சாட்சிகளையும் அழைக்கும்படி சேர்த்துக் கேட்பது நல்லது.